கேட்டவருக்கே கிடைத்த விலை
நில ஆர்ஜித இழப்பீட்டின் வரலாறு

நம் ஊருக்கு மேற்கே புறவழிச்சாலைக்கான அளவைக் கற்கள் ஊன்றப்பட்டது முதல், ஜமாஅத்தார் பலரும் நம்மிடம் ஒரே கேள்வியைக் கேட்டு வருகின்றனர். “நிலத்தை எடுப்பது அரசாங்கம். விலையை நிர்ணயிப்பதும் அரசாங்கம். கொடுப்பதை வாங்கிக்கொள்வதைத் தவிர நமக்கு வேறென்ன வழி?” என்பதே அக்கேள்வி. கேட்பவர்களில் படித்தவர்களும் உண்டு. மூன்று தலைமுறையாக அதே புஞ்சையில் பாடுபட்டவர்களும் உண்டு. இக்கேள்விக்கு விடை ஏறக்குறைய இருநூறு ஆண்டு வரலாற்றில் அடங்கியுள்ளது. அவ்வரலாற்றின் பல முக்கிய வழக்குகள் நம் சென்னை மாகாணத்து மண்ணிலேயே தோன்றியவை என்பதால், இவ்வாண்டு மலரில் அதனைச் சற்று விரிவாக எழுதத் துணிந்தோம்.

கிழக்கிந்தியக் கம்பெனியார் 1824ஆம் ஆண்டு வங்காளத்தில் பிறப்பித்த முதலாம் ஒழுங்குமுறைச் சட்டமே நம் நாட்டில் நிலம் எடுப்பதற்கென எழுதப்பட்ட முதல் சட்டம் எனக் கருதப்படுகிறது. சாலை, கால்வாய் முதலிய பொதுக் காரியங்களுக்கு நிலம் வேண்டியபோது, நடுவர்களை நியமித்து விலை முடிவு செய்யும் முறையை அது ஏற்படுத்தியது. 1850இல் இருப்புப்பாதையும் பொதுக் காரியங்களுள் சேர்க்கப்பட்டது. சென்னை மாகாணத்துக்கென 1852இல் தனிச் சட்டம் வந்தது. நான்கே ஆண்டுகளில், 1856ஆம் ஆண்டு ஜூலை முதல் நாள், இராயபுரத்திலிருந்து ஆர்க்காடு நோக்கித் தென்னிந்தியாவின் முதல் பயணிகள் இரயில் புறப்பட்டது. 1857ஆம் ஆண்டின் ஆறாம் சட்டம், கம்பெனியின் ஆட்சிப் பகுதி முழுமைக்கும் ஒரே முறையைக் கொண்டுவந்தது. நடுவர்கள் சொன்ன விலையே இறுதி விலை என்பது அதன் விதி. அந்நடுவர்களின் திறமையைப் பற்றியும் நேர்மையைப் பற்றியும் குறைகள் பெருகவே, 1870இல் அம்முறை கைவிடப்பட்டது.

1870ஆம் ஆண்டுச் சட்டத்தில் நாம் கூர்ந்து நோக்க வேண்டிய ஓர் அம்சம் உண்டு. கலெக்டரும் நில உரிமையாளரும் விலையில் உடன்படாவிட்டால், கலெக்டரே அவ்வழக்கை நீதிமன்றத்துக்கு அனுப்பியாக வேண்டும். உரிமையாளர் மனு எழுத வேண்டியதில்லை. அவர் கலெக்டர் முன் வராமல் இருந்துவிட்டாலும் வழக்கு நீதிமன்றம் சென்றது. இதனால் அரசுக்கு வழக்குச் செலவு மிகுதியானது. அச்செலவைக் குறைக்கும் நோக்குடன் கொண்டுவரப்பட்டதே 1894ஆம் ஆண்டின் முதலாம் சட்டம் எனப்பட்ட நில ஆர்ஜிதச் சட்டமாகும். அது 1894 மார்ச் முதல் நாள் நடைமுறைக்கு வந்து, 2013ஆம் ஆண்டின் இறுதி வரை, அதாவது ஏறத்தாழ நூற்றிருபது ஆண்டுகள், நம் தந்தையர் பாட்டனார் காலத்து நிலங்களையெல்லாம் ஆண்டது.

புதிய சட்டத்தில் கலெக்டர் விசாரித்து ஒரு தீர்வம் பிறப்பிப்பார். ‘அவார்டு’ என்று நம் மக்கள் வழக்கில் சொல்வது அதனையே. அத்தீர்வத்தை ஏற்காதவர், 18ஆம் பிரிவின்படி எழுத்து மூலமாக மனுக் கொடுத்தால் மட்டுமே வழக்கு நீதிமன்றம் செல்லும். மனு இல்லையேல் கலெக்டர் சொன்னதே முடிவு. 1870இல் அரசின் தோளில் இருந்த சுமை, 1894இல் நில உரிமையாளரின் தோளுக்கு மாற்றப்பட்டுவிட்டது. விலை குறைவு என்று சொல்ல வேண்டியவரும், அதை எழுத்தில் சொல்ல வேண்டியவரும், கெடு தவறாமல் சொல்ல வேண்டியவரும் இனி அவரே. இந்த ஒரு மாற்றமே அதன் பின்னர் நிகழ்ந்த அனைத்துக்கும் திறவுகோல் என்பது நம் கருத்து.

மௌனத்தின் விலை

கெடுவோ மிகக் குறுகியது. தீர்வம் பிறப்பித்தபோது நேரில் இருந்தவருக்கு ஆறு வாரம். நேரில் இல்லாதவருக்குக் கலெக்டரின் அறிவிப்புக் கிடைத்ததிலிருந்து ஆறு வாரம், அல்லது தீர்வ நாளிலிருந்து ஆறு மாதம். இவ்விரண்டில் எது முந்தியதோ அது. மேலும், பணத்தை எதிர்ப்புத் தெரிவிக்காமல் பெற்றுக்கொண்டவர் பிறகு 18ஆம் பிரிவின்கீழ் மனுக் கொடுக்க இயலாது என்று 31ஆம் பிரிவு கூறியது. கையொப்பத்துக்கு மேலே ‘எதிர்ப்புடன் பெற்றுக்கொள்கிறேன்’ என்று எழுதியவருக்கும் எழுதாதவருக்கும் இடையே அந்த ஒரு வரியே வேலியாக நின்றது.

இதனினும் கடுமையானது பழைய 25ஆம் பிரிவு. தீர்வத்துக்கு முன்பே 9ஆம் பிரிவின்கீழ் ஓர் அறிவிப்பு வரும். ‘உமது நிலத்துக்கு என்ன தொகை கேட்கிறீர்?’ என்பது அதன் சாரம். அதற்குத் தகுந்த காரணமின்றிப் பதில் தராதவருக்கு, பின்னர் நீதிமன்றம் சென்றாலும் கலெக்டர் கொடுத்ததற்கு மேல் ஒரு காசும் வழங்கலாகாது என்றும், பதில் தந்தவருக்கு அவர் கேட்ட தொகைக்கு மேல் வழங்கலாகாது என்றும் அப்பிரிவு விதித்தது. ஏழை விவசாயி அச்சத்தாலோ அறியாமையாலோ குறைவாகக் கேட்டுவிட்டால், நீதிபதியே நிலத்தின் உண்மை மதிப்பைக் கண்டறிந்தாலும் அதைக் கொடுக்க முடியாது. இவ்விதி 1984 வரை நீடித்தது. அதுவரை எத்தனை குடும்பங்கள் வாய் திறவாமையால் இழந்தன என்பதற்குக் கணக்கேதும் இருக்க வாய்ப்பில்லை. மௌனமாக இருந்தவர்களின் வழக்குகள் சட்ட அறிக்கைகளில் ஏறுவதில்லை அல்லவா?

கலெக்டரின் தீர்வம் நீதிமன்றத் தீர்ப்பைப் போன்றது என்று எண்ணி அஞ்சியவர்களும் உண்டு. இவ்வையம் 1905லேயே தீர்க்கப்பட்டுவிட்டது. கல்கத்தாவிலிருந்து சென்ற எஸ்ரா என்பவரின் வழக்கில் இலண்டன் பிரிவி கவுன்சில், கலெக்டர் செய்வது நிர்வாகப் பணியே, நீதி வழங்கும் பணியன்று என்றும், அவருடைய தீர்வம் அரசின் சார்பில் உரிமையாளருக்கு முன்வைக்கப்படும் ஒரு விலைக்கூற்றே என்றும் தெளிவுபடுத்தியது. கடைக்காரர் சொல்லும் விலையைப் போல அதுவும் ஒரு விலைக்கூற்று எனில், மறுத்துக் கேட்பது அரசுக்கு எதிரான செயலாகாது. சட்டமே எதிர்பார்க்கும் செயல் அது.

விசாகப்பட்டினத்து ஊற்று

சென்னை மாகாணத்தின் வடகோடியில் விசாகப்பட்டினம் துறைமுகம் அமைக்கப்பட்ட காலத்தில் எழுந்த வழக்கு, இன்றளவும் இந்திய நீதிமன்றங்களில் எடுத்தாளப்படுகிறது. துறைமுகத்தைச் சுற்றிலும் மலேரியா பரவியிருந்ததால், நோய்த் தடுப்புப் பணிகளுக்காக அருகிலிருந்த ஒரு நிலத்தைத் துறைமுகத்தார் எடுத்துக்கொண்டனர். அந்நிலத்தில் நல்ல குடிநீர் ஊற்று ஒன்று இருந்தது. நிலவுடைமையாளரான வைரிசெர்ல நாராயண கஜபதி ராஜு, ‘துறைமுகத்தாருக்கும் அங்கு வரும் எண்ணெய்க் கம்பெனிகளுக்கும் இந்நீரை விற்கும் வாய்ப்பு என் நிலத்துக்கு உண்டு, அதையும் சேர்த்தே விலை மதிக்க வேண்டும்’ என்று வாதிட்டார். சென்னை உயர் நீதிமன்றத்தில் அவ்வாதம் எடுபடவில்லை. அவர் விடவில்லை. இலண்டன் வரை சென்றார்.

1939இல் பிரிவி கவுன்சில் அளித்த தீர்ப்பு, நில மதிப்பீட்டின் இலக்கணமாகவே அமைந்துவிட்டது. விற்க விரும்பும் ஒருவரும் வாங்க விரும்பும் ஒருவரும், கட்டாயம் எதுவுமின்றி அமர்ந்து பேசினால் என்ன விலைக்கு வருவார்களோ அதுவே சந்தை மதிப்பு. இன்று அந்நிலம் தரிசாகக் கிடக்கிறதா, பயிரிடப்படுகிறதா என்று மட்டும் பார்த்தல் போதாது. நாளை அது எதற்குப் பயன்படக்கூடும் என்ற வாய்ப்பின் மதிப்பையும் சேர்க்க வேண்டும். அவ்வாய்ப்பைப் பயன்படுத்தக்கூடியவர் நிலத்தை எடுக்கும் அரசு ஒன்றே ஆயினும், அம்மதிப்பு இல்லாமற் போய்விடாது. ஊருக்கு வெளியே முள்மரம் மண்டிக் கிடந்த மனைகள் இன்று என்ன விலை பெறுகின்றன என்பதை அறிந்த நம் ஜமாஅத்தாருக்கு, இவ்விலக்கணத்தின் அருமையை விளக்க வேண்டியதில்லை.

அரசியல் சட்டமும் வஜ்ரவேலு முதலியாரும்

நாடு விடுதலையடைந்த பின், கேள்வி அரசியல் சட்டத்தின் மன்றத்துக்குச் சென்றது. கிழக்கு வங்காளத்திலிருந்து வந்த அகதிகளைக் குடியமர்த்த மேற்கு வங்க அரசு 1948இல் ஒரு சட்டம் இயற்றியது. நோக்கம் நல்லதே. ஆனால் நிலம் எந்த ஆண்டில் எடுக்கப்பட்டாலும் 1946 டிசம்பர் 31ஆம் நாளன்று இருந்த மதிப்புக்கு மேல் தரலாகாது என்று அச்சட்டம் கூறியது. 1953 டிசம்பரில் பேலா பானர்ஜி வழக்கில் உச்ச நீதிமன்றம் இவ்விதியைச் செல்லாது என்றது. இழப்பீடு என்ற சொல்லுக்குப் பறிக்கப்பட்டதற்கு ஈடான நியாயமான தொகை என்பதே பொருள் என்று அத்தீர்ப்பை எழுதியவர், சென்னையில் வழக்குரைஞராகவும் நீதிபதியாகவும் விளங்கிய தலைமை நீதிபதி பதஞ்சலி சாஸ்திரி. அரசு சும்மா இருக்கவில்லை. 1955இல் அரசியல் சட்டத்தின் நான்காம் திருத்தத்தைக் கொண்டுவந்து, இழப்பீடு போதாது என்ற காரணத்துக்காக எந்தச் சட்டத்தையும் நீதிமன்றத்தில் கேள்வி கேட்க முடியாது என்று ஆக்கிவிட்டது.

கதவு அடைபட்டது என்றே பலரும் எண்ணினர். அந்நிலையில்தான் சென்னையில் வீட்டுவசதித் திட்டங்களுக்கு நிலம் எடுப்பதற்கென நம் மாநில அரசு 1961இல் ஒரு திருத்தச் சட்டத்தை இயற்றியது. அறிவிப்பு நாளின் மதிப்பு அல்லது அதற்கு முந்தைய ஐந்தாண்டுகளின் சராசரி மதிப்பு, இவற்றுள் எது குறைவோ அதுவே விலை. பழைய சட்டத்தில் கட்டாயத்தின்பேரில் நிலம் எடுப்பதற்காகச் சேர்த்துத் தரப்பட்ட நூற்றுக்கு 15 விழுக்காடு ஆறுதல் தொகை, 5 விழுக்காடாகக் குறைக்கப்பட்டது. நிலத்தின் வருங்கால வாய்ப்பு மதிப்பு அறவே நீக்கப்பட்டது. விசாகப்பட்டினத்து ஊற்று வழியே 1939இல் கிடைத்ததை 1961இன் சட்டம் ஒரே வரியில் எடுத்துக்கொண்டது எனலாம்.

நிலம் இழக்கவிருந்தவர்களுள் ஒருவரான வஜ்ரவேலு முதலியாரும் மற்றவர்களும் உச்ச நீதிமன்றம் சென்றனர். இழப்பீடு போதாது என்று மட்டும் அவர்கள் சொல்லியிருந்தால், நான்காம் திருத்தத்தின் முன் வழக்கு நின்றிருக்காது. 1964இல் நீதிபதி சுப்பா ராவ் எழுதிய தீர்ப்பு வேறு வாசலைத் திறந்தது. அடுத்தடுத்து இரண்டு மனைகள் உள்ளன என்று கொள்வோம். ஒன்று மருத்துவமனைக்காகப் பழைய சட்டத்தின்கீழ் எடுக்கப்படுகிறது. மற்றொன்று வீட்டுவசதிக்காகப் புதிய சட்டத்தின்கீழ் எடுக்கப்படுகிறது. மண் ஒன்று, மதிப்பு ஒன்று, எடுப்பதும் ஒரே அரசு. ஒருவருக்கு அதிகமும் அடுத்தவருக்குக் குறைவும் ஏன்? இவ்வேறுபாட்டுக்கு நியாயம் இல்லை என்பதால், சட்டத்தின் முன் அனைவரும் சமம் என்னும் 14ஆம் உறுப்புக்கு முரணானது என்று அத்திருத்தச் சட்டம் தள்ளுபடியாயிற்று. 1972இன் இறுதியில் நாகபுரி மேம்பாட்டு அறக்கட்டளை வழக்கில் அரசியல் சாசன அமர்வும் இவ்வழியிலேயே சென்றது.

இத்தீர்ப்பை நாம் இவ்வளவு விரித்துரைப்பதற்குக் காரணம் உண்டு. 1978இல் 44ஆம் திருத்தம் சொத்துரிமையை அடிப்படை உரிமைகளின் பட்டியலிலிருந்தே நீக்கி, ‘சட்டத்தின் அதிகாரமின்றி எவருடைய சொத்தும் பறிக்கப்படலாகாது’ என்ற அளவில் 300அ என்னும் புதிய உறுப்பில் வைத்தது. சொத்துரிமையின் கோட்டை அவ்வாறு சிறுத்துப்போன பிறகும் சமத்துவத்தின் வாசல் திறந்தே இருந்தது. நெடுஞ்சாலைக்கு நிலம் கொடுத்தவர்கள் பின்னாளில் அவ்வழியாகவே நுழைந்தனர்.

1984க்குப் பின்

1984 செப்டம்பரில் நிறைவேறிய திருத்தம், பழைய சட்டத்தின் கொடுமைகள் பலவற்றைக் களைந்தது. ஆறுதல் தொகை 15இலிருந்து 30 விழுக்காடாயிற்று. முதல் அறிவிப்பிலிருந்து தீர்வம் வரையோ நிலம் கைப்பற்றப்படும் வரையோ, எது முந்தியதோ அதுவரை, ஆண்டுக்கு 12 விழுக்காடு கூடுதல் தொகை சேர்ந்தது. நிலுவைத் தொகைக்கான விகிதம் 6 விழுக்காட்டிலிருந்து முதலாண்டு 9, அதன்பின் 15 என உயர்ந்தது. (இது சட்டப்படி தாமதத்துக்கான ஈடு. ஜமாஅத்தாரில் சிலர் இதைப் பெறலாமா என்று கேட்பதுண்டு. அதற்கு விடை கூற வேண்டியவர்கள் ஆலிம்கள், நாம் அல்லர்.) ஆறுதல் தொகையின் மீதும் இவ்விகிதம் கணக்கிடப்பட வேண்டும் என்று 2001இல் சுந்தர் வழக்கில் ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு தீர்த்தது. மௌனத்தைத் தண்டித்த 25ஆம் பிரிவு மாற்றப்பட்டு, கலெக்டர் கொடுத்ததைவிட நீதிமன்றம் குறைக்கக்கூடாது என்பது மட்டும் எஞ்சியது.

இவையனைத்திலும் மேலானதாக நாம் கருதுவது 28அ என்னும் புதிய பிரிவு. ஒரே அறிவிப்பின்கீழ் நிலம் இழந்தவர்களில் ஒருவர் நீதிமன்றம் சென்று கூடுதல் தொகை பெற்றால், வழக்குத் தொடுக்க வசதியற்ற மற்றவர்களும் மூன்று மாதங்களுக்குள் கலெக்டரிடம் மனுக் கொடுத்து அதே விலையைக் கோரலாம். பக்கத்துக் காட்டுக்காரரின் வழக்கால் ஏழைக்கும் பயன் கிட்டும் வழி இது. ஆயினும் இங்கும் மனு ஒன்று வேண்டும். மூன்று மாதம் என்ற கெடுவும் உண்டு. பக்கத்து நிலத்து வழக்கு எப்போது முடிந்தது என்பதே தெரியாமல் இருந்தவர்கள் இப்பயனையும் இழந்தனர்.

விலையை நிரூபிப்பதில் நம் மக்கள் தமக்குத் தாமே இழைத்துக்கொண்ட தீங்கையும் சொல்லாமல் விட முடியாது. முத்திரைத்தாள் செலவைக் குறைப்பதற்காகக் கிரயப் பத்திரத்தில் பாதி விலையை எழுதுவது நெடுநாளைய வழக்கம். நீதிமன்றமோ அப்பத்திரங்களைத்தான் சான்றாகப் பார்க்கும். வாங்கியபோது மிச்சப்பட்ட சில ஆயிரங்கள், நிலம் பறிபோகும்போது பல இலட்சங்களாகத் திரும்பிச் சென்றன. பெரிய பரப்பின் விலையைச் சிறு மனையின் பத்திரத்தைக் கொண்டு கேட்டால், சாலைக்கும் சாக்கடைக்கும் போக வேண்டிய இடத்துக்காக ஐந்திலொரு பங்கு முதல் பாதி வரை கழிக்கலாம் என்று 1988இல் சிமன்லால் வழக்கில் உச்ச நீதிமன்றம் வழிகாட்டியது. ஆகவே, எந்தப் பத்திரத்தைச் சான்றாகத் தாக்கல் செய்கிறோம் என்பது தொகையையே மாற்றிவிடும்.

நெடுஞ்சாலைக்குப் போன நிலம்

தேசிய நெடுஞ்சாலைகள் சட்டம் 1956இல் வந்தது எனினும், நிலம் எடுப்பதற்கான தனி முறை அதில் 1997இல்தான் சேர்க்கப்பட்டது. வேகம் அதன் நோக்கம். அரசிதழில் அறிவிப்பு வந்த 21 நாட்களுக்குள் ஆட்சேபம் தெரிவிக்க வேண்டும். விலையை ஏற்காதவர் நீதிமன்றத்துக்குப் பதிலாக மத்திய அரசு நியமிக்கும் நடுவரிடம் செல்ல வேண்டும். பல மாவட்டங்களில் அந்நடுவர் மாவட்ட ஆட்சியரே. 1894ஆம் ஆண்டுச் சட்டத்தின் எதுவும் இதற்குப் பொருந்தாது என்று அச்சட்டத்தின் 3ஜே பிரிவு கூறியதால், 30 விழுக்காடு ஆறுதல் தொகையும் 12 விழுக்காடு கூடுதல் தொகையும் நெடுஞ்சாலைக்கு நிலம் கொடுத்தவர்களுக்கு மட்டும் இல்லாமற் போயின. நாற்கரச் சாலைகள் நாடெங்கும் போடப்பட்ட ஆண்டுகள் அவை.

2019 செப்டம்பர் 19ஆம் நாள் தர்செம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் அப்பிரிவின் இப்பகுதியை அரசியல் சட்டத்துக்கு முரணானது என்று தீர்த்தது. பள்ளிக்கூடத்துக்கு எடுத்தாலென்ன, சாலைக்கு எடுத்தாலென்ன, இழப்பவருக்கு இழப்பு ஒன்றுதானே என்ற வாதம்தான் வென்றது. வஜ்ரவேலு முதலியார் வழக்கில் 1964இல் ஒலித்த அதே வாதம். இத்தீர்ப்பை வருங்காலத்துக்கு மட்டுமே பொருந்தும்படி ஆக்க வேண்டும் என்று தேசிய நெடுஞ்சாலை ஆணையம் பின்னர் மனுச் செய்தது. 2025 பிப்ரவரி 4ஆம் நாள் உச்ச நீதிமன்றம் அதனை ஏற்க மறுத்தது.

இதற்கிடையே 2013ஆம் ஆண்டின் புதிய சட்டம் 2014 ஜனவரி முதல் நாள் நடைமுறைக்கு வந்தது. நியாயமான இழப்பீடு என்ற சொல் சட்டத்தின் பெயரிலேயே ஏறியது. முத்திரைச் சட்ட மதிப்பு, அண்மை மூன்றாண்டுப் பத்திரங்களுள் உயர்ந்த விலையுள்ள பாதியின் சராசரி ஆகியவற்றுள் எது மிகுதியோ அது அடிப்படை. தனியார் நிறுவனங்களுக்கு எடுக்கும்போது உடன்பாட்டில் ஏற்ற தொகையும் உடன் ஒப்பிடப்படும். கிராமப்புறமாயின் அவ்வடிப்படையை ஒன்று முதல் இரண்டு வரையுள்ள ஒரு காரணியால் பெருக்க வேண்டும். அதன்மேல் ஆறுதல் தொகை நூற்றுக்கு நூறு. எடுத்துக்காட்டாக, சந்தை மதிப்பு ஒரு இலட்சம் உள்ள நிலத்துக்கு 1984க்கு முன் 1,15,000 ரூபாயும், அதன்பின் 1,30,000 ரூபாயும், புதிய சட்டத்தில் காரணி இரண்டாக இருப்பின் 4,00,000 ரூபாயும் வரும். ஆண்டுக் கூடுதல் தனி. நிலமில்லாக் கூலித் தொழிலாளரும் குத்தகைதாரரும், மூன்றாண்டுகளுக்கு முன்பிருந்தே அந்நிலத்தை நம்பி வாழ்ந்திருந்தால், பாதிக்கப்பட்ட குடும்பம் என்ற வரையறைக்குள் வருகின்றனர். நெடுஞ்சாலைச் சட்டம் உள்ளிட்ட பதின்மூன்று சட்டங்கள் தொடக்கத்தில் விலக்கு பெற்றிருந்தன. 2015 ஜனவரி முதல் இழப்பீட்டு விதிகள் அவற்றுக்கும் விரிவாக்கப்பட்டன.

தமிழகத்தின் கதை சற்றுச் சிக்கலானது. ஆதிதிராவிடர் நலத் திட்டங்களுக்கான 1978ஆம் ஆண்டுச் சட்டம், தொழில் நோக்கங்களுக்கான 1997ஆம் ஆண்டுச் சட்டம், மாநில நெடுஞ்சாலைகளுக்கான 2001ஆம் ஆண்டுச் சட்டம் ஆகிய மூன்றையும் புதிய மத்தியச் சட்டத்திலிருந்து நம் மாநிலம் விலக்கிக்கொண்டது. 2019 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம் இம்மூன்றும் செல்லாது என்றது. அவ்வாண்டிலேயே மாநில அரசு அவற்றுக்குப் புத்துயிர் அளிக்கும் சட்டத்தை இயற்றியது. 2021 ஜூன் 29இல் உச்ச நீதிமன்றம் அச்சட்டத்தை நிலைநிறுத்தியது. எனவே கற்களை ஊன்றியவர் எந்தச் சட்டத்தின்கீழ் ஊன்றினார் என்பதை முதலில் அறிதல் வேண்டும். அறிவிப்பின் முதல் பத்தியில் அது குறிக்கப்பட்டிருக்கும். பெரும்பாலோர் அப்பத்தியைப் படிப்பதே இல்லை.

காலம் கடந்தால் எல்லாம் போயிற்று என்று முற்றாகக் கைவிடவும் வேண்டியதில்லை. இமாச்சலப் பிரதேசத்தில் எழுத்தறிவற்ற ஒரு கைம்பெண்ணின் நிலம் 1967–68இல் சாலைக்காக எடுக்கப்பட்டது. ஒரு ரூபாயும் தரப்படவில்லை. அரை நூற்றாண்டுக்குப் பின், அவருக்கு எண்பது வயதானபோது, 2020 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் இழப்பீடு வழங்க ஆணையிட்டது. சட்டமுறைப்படி எடுக்கப்படாத நிலத்தை வைத்துக்கொண்டு, நீ தாமதமாக வந்தாய் என்று அரசு சொல்ல முடியாது என்பது அத்தீர்ப்பின் உட்கருத்து. ஆனால் முறைப்படி தீர்வம் பிறப்பிக்கப்பட்டு, பணமும் எதிர்ப்பின்றிப் பெறப்பட்ட வழக்குகளுக்கு இதை நம்பியிருத்தல் கூடாது.

நம் ஜமாஅத்தைப் பொறுத்தவரை இடர் பெரும்பாலும் பட்டாவிலேயே தொடங்குகிறது. பாட்டனார் மறைந்து நாற்பது ஆண்டுகள் ஆன பின்னும் பட்டா அவர் பெயரிலேயே இருக்கிறது. ஆண் மக்கள் வளைகுடாவிலும் மலேசியாவிலும், பெண் மக்கள் வெவ்வேறு ஊர்களிலும் இருக்க, அறிவிப்பு மறைந்தவரின் பெயருக்கு வருகிறது. யாரோ ஒருவர் வாங்கி அலமாரியில் வைக்கிறார். வாரிசுகளுக்குள் பங்கு தெளிவாக இல்லையெனில், தொகை யாருக்கும் வழங்கப்படாமல் வைப்பாகக் கட்டப்படுகிறது. சகோதரிகளின் பங்கை எழுதாமல் விட்ட குடும்பங்களில் வழக்கு அங்கேயே முளைக்கிறது.

பள்ளிவாசலுக்கும் அடக்கத்தலத்துக்கும் உரிய வக்ஃப் நிலங்கள் வேறு வகை. 1995ஆம் ஆண்டின் வக்ஃப் சட்டம், 91ஆம் பிரிவில், இத்தகைய நிலத்தை எடுக்கும்போது தீர்வத்துக்கு முன்பே வக்ஃப் வாரியத்துக்குக் கலெக்டர் அறிவிப்பு அனுப்ப வேண்டும் என்றும், வாரியம் ஒரு தரப்பாக வந்து வாதிடலாம் என்றும் கூறியது. 2025ஆம் ஆண்டின் திருத்தச் சட்டத்தையும் சேர்த்தே இப்பிரிவை இன்று படிக்க வேண்டும். வருவாய்த் துறையின் அ பதிவேட்டில் அந்நிலம் பழைய முத்தவல்லியின் சொந்தப் பெயரில் இருக்குமாயின், அது வக்ஃப் என்பதைச் சிறப்புத் தாசில்தார் எவ்வாறு அறிவார்? வாரியத்துக்கு அறிவிப்புச் செல்லாமலே வேலை முடிந்துவிடும்.

மேற்கே கற்கள் ஊன்றப்பட்டுள்ள புல எண்களின் பட்டியல், பள்ளிவாசல் அலுவலகத்தின் அறிவிப்புப் பலகையில் ஒட்டப்பட்டுள்ளது. அவ்வெண்களில் நிலமுள்ளோர் பட்டா, சிட்டா, தாய்ப் பத்திரம், வில்லங்கச் சான்று, வாரிசுச் சான்று ஆகியவற்றின் நகல்களுடன், வந்த அறிவிப்பு எதுவாயினும் அதன் உறையையும் அஞ்சல் முத்திரை நாளையும் பத்திரப்படுத்தி, வெள்ளிதோறும் அஸர் தொழுகைக்குப் பின் அலுவலகத்துக்கு வரலாம். முந்தைய நாற்கரச் சாலைப் பணியின்போது ஆறுதல் தொகையின்றி இழப்பீடு பெற்றவர்களும் தம் தீர்வ நகலை எடுத்து வருக. வெளிநாட்டிலுள்ளோர், ஊரில் தமக்காகக் கையொப்பமிடும் உறவினருக்கு அதிகாரப் பத்திரம் எழுதி அனுப்புதல் வேண்டும். அது வந்து சேரும் வரை ஆறு வாரக் கெடு காத்திராது.